அழும் ஒட்டகத்தின் கதை: செவிவழி ஒரு திறனாய்வு

திரைப்படத்தைப் ‘பார்த்தோம்’ என்றே சொல்கிறோம். ‘கேட்டோம்’ என்று சொல்லும் வழக்கம் நம்மிடையே இல்லை. பாட்டைக் கேட்கிறோம், மறையுரையைக் கேட்கிறோம், படத்தையோ பார்க்கிறோம். பெரும்பாலான படங்களுக்கு இவ்வழக்கு பொருந்தவே செய்கிறது. கண்களை மூடிக்கொண்டால் அவற்றில் எஞ்சுவன உரையாடலும் வாத்திய முழக்கமும் மட்டுமே. 2003-ஆம் ஆண்டில் வெளிவந்த ‘அழும் ஒட்டகத்தின் கதை’ என்னும் மங்கோலியப் படம் இதற்கு ஒரு விலக்கு. நாம் அதனை மூன்று முறை பார்த்தோம். மூன்றாம் முறை பாதிப் படத்தைக் கண்மூடியே கேட்டோம். அங்ஙனம் கேட்டதன் பயனாக எழுந்த சில எண்ணங்களை வாசகர் முன் வைக்க விழைகிறோம்.

மங்கோலியா என்றவுடன் நம்மவர் பலருக்குச் செங்கிஸ்கானின் பெயர் நினைவுக்கு வரும். 2023 செப்டம்பரில் மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் அங்குச் சென்றபோது, ஏறத்தாழ ஆயிரத்து ஐந்நூறு கத்தோலிக்கரே வாழும் அந்நாட்டை நிலப்படத்தில் தேடிப் பார்த்தவர்களும் உண்டு. இந்தியாவின் பரப்பில் ஏறக்குறைய பாதி. மக்கள்தொகையோ சுமார் முப்பத்தைந்து இலட்சம் மட்டுமே. மனிதரைவிடக் கால்நடைகள் பன்மடங்கு மிகுதி. குதிரை, ஒட்டகம், மாடு, செம்மறி, வெள்ளாடு ஆகிய ஐந்தையும் சேர்த்து ‘ஐந்து மூஞ்சிகள்’ என்று பொருள்படும் ஒரே தொடரால் அம்மக்கள் குறிக்கின்றனர். இந்த ஐந்தோடும் புல் இருக்கும் இடம் தேடிப் பெயர்ந்துகொண்டே இருப்பதுதான் அவர்களது மரபு வாழ்வு. நாட்டின் தென்பகுதியில் விரிந்து கிடக்கும் கோபிப் பாலையில் ஒட்டகம் வளர்க்கும் ஒரு குடும்பமே இப்படத்தின் களம்.

படத்தை உருவாக்கியவர் இருவர். ஒருவர் பியாம்பசுரேன் தவா, உலான்பாட்டரில் பிறந்த மங்கோலியப் பெண்மணி. மற்றவர் லூயிஜி ஃபலோர்னி, இத்தாலியர். இருவரும் ஜெர்மனியின் மியூனிக் நகரத் திரைப்படக் கல்லூரியில் பயின்றபோது எடுத்த படம் இது. மாணவர் படைப்பாகத் தொடங்கியது ஆஸ்கர் விருதுக்கான ஆவணப்படப் பரிந்துரைப் பட்டியல் வரை சென்றது. ஜெர்மானிய, ஆங்கிலத் தலைப்புகள் ‘அழும் ஒட்டகத்தின் கதை’ என்கின்றன. மங்கோலியத் தலைப்பின் பொருளோ ‘பெண் ஒட்டகத்தின் கண்ணீர்’ என்பதாகும். இவ்விரண்டுக்கும் இடையே நுண்ணிய வேறுபாடு உண்டு. ‘கதை’ என்ற சொல் மேலைநாட்டாருக்குத் தேவைப்பட்டிருக்கிறது. மங்கோலியருக்கு அது பெண் ஒட்டகம் என்று சொன்னாலே போதும், தாயா, மலடா, கன்றுக்குத் தவிப்பதா என்ற கேள்விகள் தாமே எழும். ஆண், பெண், காயடிக்கப்பட்டது, கன்று, இரண்டாம் ஆண்டுக் கன்று என ஒவ்வொன்றுக்கும் தனிப்பெயர் வைத்திருக்கும் மொழி அது.

கதையை ஒரு மூச்சில் சொல்லிவிடலாம். வசந்த காலம். மந்தையின் பெண் ஒட்டகங்கள் ஒவ்வொன்றாகக் கன்று ஈனுகின்றன. கடைசியாக எஞ்சி நிற்கும் ஒன்றுக்குப் பேறு எளிதாக அமையவில்லை. இரண்டு நாள் வேதனைக்குப்பின், குடும்பத்தாரே கைகொடுத்து இழுக்க, வெண்ணிறக் கன்று ஒன்று மண்ணில் விழுகிறது. தாய் அதனை ஏறிட்டும் பார்க்கவில்லை. கன்று மடியை நாடிவரும்போதெல்லாம் உதைத்து விலகுகிறது. கறந்த பாலைப் புகட்டிப் பார்க்கின்றனர், காலைத் தளையிட்டுப் பார்க்கின்றனர், பயனில்லை. வீட்டுச் சிறுவர் இருவரை ஒட்டகத்தில் ஏற்றித் தொலைவிலுள்ள ஊருக்கு அனுப்பி இசைவாணர் ஒருவரை வரவழைக்கின்றனர். அவர் இரு நரம்புகள் கொண்ட குதிரைத்தலை யாழை மீட்ட, வீட்டு மருமகள் ஒட்டகத்தைத் தடவிக்கொண்டே பாட, நெடுநேரம் கழிந்தபின் ஒட்டகத்தின் கண்களிலிருந்து நீர் வழிகிறது. கன்று பால் குடிக்கிறது. அவ்வளவே.

இச்சுருக்கத்தைப் படிக்கும் அன்பர், ‘இது ஓர் அற்புதக் கதைதானே’ என்று எண்ணக்கூடும். அற்புதத்தை மட்டும் காட்ட எண்ணியிருந்தால் படத்துக்குக் கால் மணி நேரம் போதும். இது ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம் ஓடுகிறது. எஞ்சிய நேரத்தில் என்ன நிகழ்கிறது என்பதிலேதான் படத்தின் தகுதி அடங்கியிருக்கிறது.

என்ன நிகழ்கிறது? ஒலிகள் நிகழ்கின்றன. முதலில் காற்று. பாலைக் காற்று எப்போதும் ஊளையிடும் என்பது படம் எடுப்போரின் வழக்கமான கற்பனை. இங்குக் காற்றுக்குப் பல குரல்கள் உண்டு. திறந்த வெளியில் அது ஓசையற்ற ஒரு கனம். கூடாரத்தின் கயிறுகளில் படும்போது மெல்லிய முனகல். ஆட்டு மயிரை அடித்துத் திரட்டிய கம்பளத்தால் சுவரும் கூரையும் அமைத்த அக்கூடாரத்தின் உள்ளே இருக்கையில், வெளிக்காற்று தொலைவில் யாரோ மூச்சு விடுவதுபோல் மங்கி வருகிறது. மணற்புயல் வரும்போது குடும்பத்தார் கயிறுகளை இறுக்கிக் கட்டுகின்றனர். யாரும் கூச்சலிடவில்லை. புயலின் பேரொலிக்குள் அவரவர் வேலையின் சிற்றொலியே கேட்கிறது. அச்சத்தைக் காட்ட வாத்தியங்களை அலறவிடும் பழக்கத்துக்கு ஆட்பட்ட நம் செவிக்கு இஃது ஒரு வியப்பு.

அடுத்து ஒட்டகங்களின் குரல். இரட்டைத் திமில் கொண்ட அவ்வினத்தின் கதறலை முதன்முறை கேட்போர் சிரித்துவிடுவர். கதவுக் கீல் கிறீச்சிடுவது போன்றும், வயதானவர் எதையோ குறைகூறி முனகுவது போன்றும் ஒலிக்கும். படம் செல்லச் செல்ல அச்சிரிப்பு அடங்கிவிடுகிறது. பசித்த கன்றின் குரல், தன்னை விட்டுச் சென்ற மந்தையை நோக்கிய தாயின் குரல், வலியின் குரல் என வேறுபாடு பிடிபடத் தொடங்குகிறது. எவரும் நமக்கு விளக்கிச் சொல்வதில்லை. விளக்கக் குரல் என்னும் ஒன்றே இப்படத்தில் கிடையாது. தொடக்கத்தில் குடும்பத்தின் முதியவர் ஒருவர் நம்மை நோக்கி ஒரு பழங்கதை சொல்கிறார்: இறைவன் ஒட்டகத்துக்கு அழகிய கொம்புகளைக் கொடுத்தாராம், கலைமான் அவற்றை இரவல் வாங்கிச் சென்று திருப்பித் தரவே இல்லையாம், அன்றுமுதல் ஒட்டகம் அடிவானத்தை நோக்கியே நிற்கிறதாம். அதற்குப்பின் படம் தன் ஒலிகளிடம் நம்மை விட்டுவிடுகிறது.

மூன்றாவதாக, மனிதர் செய்யும் ஒலிகள். பால் பாத்திரத்தில் விழும் ஒலி, அடுப்பில் தேநீர் கொதிக்கும் ஒலி, ஒட்டக மயிரைக் கயிறாகத் திரிக்கும் ஒலி, பாலை நாற்றிசையும் தெளிக்கும்போது கரண்டியின் ஒலி. கூடாரத்துக்குள், அடுப்பருகே சென்றுவிடாதபடி கயிற்றால் கட்டப்பட்டிருக்கும் சின்னஞ்சிறு பெண்குழந்தையின் சிணுங்கல். வெளியே முளையில் கட்டுண்ட கன்று. இவ்விரண்டையும் படம் அருகருகே வைக்கிறது. ஆனால் ‘பார், பார்’ என்று நம் விலாவில் குத்திச் சுட்டிக்காட்டவில்லை. ஒப்புமை தோன்றினால் தோன்றட்டும் என்று விட்டுவிடுகிறது.

இப்போது படத்தின் இதயத்துக்கு வருவோம். மருமகள் பாடுவது பாட்டே இல்லை என்றுகூடச் சொல்லலாம். ‘கூஸ், கூஸ்’ என்னும் ஒற்றைச் சொல்லே மீண்டும் மீண்டும் வருகிறது. இதற்கு அகராதிப் பொருள் கிடையாது. இஃது ஒட்டகத்துக்கு உரிய சொல். செம்மறிக்கு வேறு சொல், ‘தொய்க்’ என்பது அது. வெள்ளாட்டுக்கு இன்னொன்று. கன்றையோ குட்டியையோ ஏற்க மறுக்கும் தாயிடம் மட்டுமே பாடப்படும் சொற்கள் இவை. அதாவது, ஒவ்வொரு விலங்கையும் அதற்குரிய ஒலியால் விளிக்கும் ஒரு மொழி அம்மக்களிடம் உண்டு. மனிதர் தமக்குள் பேசிக்கொள்ளும் மொழியோடு அதைக் கலப்பதில்லை. ஆடுகள் ஆயனின் குரலை அறியும், அந்நியன் குரலுக்குப் பின்செல்லமாட்டா என்று யோவான் நற்செய்தியில் ஆண்டவர் சொல்வதை எத்தனையோ முறை வாசித்து விளக்கியிருக்கிறோம். அங்கே குரல் என்பதைக் கட்டளை என்றோ போதனை என்றோ விரித்துரைப்பதே மறையுரைகளின் வழக்கம். இம்மேய்ப்பர்களைக் கேட்டபின், அச்சொல் முதற்கண் ஒலியையே, குரலின் நிறத்தையே குறிக்கிறது என்ற எண்ணம் வலுப்படுகிறது. ஆட்டுக்குப் போதனை விளங்காது. யார் அழைக்கிறார் என்பது விளங்கும்.

இச்சடங்கைப் பற்றி 2015-இல் யுனெஸ்கோ நிறுவனம் வெளியிட்ட குறிப்பில் ஒரு செய்தி நம் கவனத்தை ஈர்த்தது. தாயின் நடத்தையைப் பார்த்தே பாடுபவர் தம் மெட்டை மாற்றிக்கொள்வாராம். எனவே இது முன்னரே கட்டிவைத்த பாடலை அரங்கேற்றுவது ஆகாது. ஒட்டகம் காதைத் திருப்பினால் குரல் தாழும். அது விலகினால் குரல் காத்திருக்கும். இசையைப் பற்றிப் பேசும்போது, பாடுபவரையும் கேட்பவரையும் இரு வேறு கரைகளில் நிறுத்திப் பார்க்கவே நாம் பழகியிருக்கிறோம். இங்குக் கேட்பவள் ஓர் ஒட்டகம். அவளே பாட்டின் போக்கைத் தீர்மானிக்கிறாள். பாடுபவளது திறமைக்கு வேறு அளவுகோல் ஏதும் இல்லை. கன்று பால் குடித்தால் பாட்டு நன்று.

அந்தக் குதிரைத்தலை யாழைப் பற்றி ஒரு சொல். யாழ் என்று நாம் வசதிக்காக எழுதினாலும் அது வில்லால் மீட்டப்படும் கருவி. மோரின் ஃகூர் என்பது அதன் பெயர். தண்டின் உச்சியில் குதிரைத் தலை செதுக்கப்பட்டிருக்கும். நரம்புகள் இரண்டும் குதிரை வால் மயிரால் ஆனவை. மரபுப்படி ‘ஆண்’ நரம்பில் 130 மயிர்கள், ‘பெண்’ நரம்பில் 105 மயிர்கள். மேய்ப்பவரின் விலங்கிலிருந்தே பிறந்து, விலங்கிடமே திரும்பிச் செல்லும் கருவி. நம் இலக்கண நூலார் ஒவ்வொரு திணைக்கும் உரிய கருப்பொருள்களுள் விலங்கோடும் மரத்தோடும் யாழையும் பறையையும் சேர்த்து எண்ணியதை இவ்விடத்தில் நினையாதிருக்க முடியவில்லை. இசைக்கருவி நிலத்தின் விளைபொருள்களுள் ஒன்று என்னும் அந்தப் பார்வை கோபிக்கும் பொருந்துகிறது. ஆனால் ஒப்புமையை இதற்குமேல் நீட்டுவது முறையாகாது. முல்லைக்கு ஊர் உண்டு, மாலையில் திரும்பிவர ஒரு வீடு உண்டு. இவர்களுக்கு வீடே மடித்து ஏற்றிச் செல்லும் பொருள்.

இசைவாணர் வந்தவுடன் வாசிக்கத் தொடங்குவதில்லை. நீலப் பட்டுத் துண்டால் தம் கருவியை ஒட்டகத்தின் திமிலில் தொங்கவிடுகிறார். விலகி நிற்கிறார். காற்று வருகிறது. யாரும் தொடாமலே நரம்புகள் முரலத் தொடங்குகின்றன. ஒட்டகத்தின் உடல்மேல், ஒட்டகத்தின் செவிக்கு அருகில், காற்று வாசிக்கிறது. அதன்பிறகே மனிதன் வில்லை எடுக்கிறான். படம் முழுவதிலும் நம்மை மிகவும் ஆட்கொண்ட கணம் இதுவே. கண்ணீர்க் காட்சியும் இதற்கு அடுத்தபடிதான். அதுவரை படத்தில் பரவிக்கிடந்த காற்று, கயிறு, மயிர், தோல், பெருமூச்சு ஆகிய ஒலிகள் எல்லாம் அந்த ஒரு முரலலில் வந்து கூடுகின்றன. இசை எங்கிருந்து வந்தது என்று கேட்டால், இதுவரை கேட்டுக்கொண்டிருந்தவற்றிலிருந்தே என்று சொல்ல வேண்டியிருக்கிறது. முதல் ஒரு மணி நேரத்தின் பொறுமைக்குக் காரணம் இங்கே விளங்குகிறது. பின்னணி இசையை இயக்குநர்கள் மிக அடக்கி வைத்ததும் இதற்காகவே. தொடக்கத்திலிருந்தே வாத்தியங்கள் முழங்கியிருந்தால் இம்முரலல் நம் காதில் விழுந்திராது.

கண்ணீரைப் பற்றி ஐயம் எழுப்புவோர் உண்டு. ஒட்டகத்தின் கண் மணலையும் தூசியையும் கழுவ இயல்பாகவே நீர் சுரப்பது, அதை அழுகை என்று கொள்ளலாமா என்பர். நியாயமான கேள்வி. நாம் அதற்கு விடை கூற முற்படவில்லை. மேய்ப்பவர்களும் கண்ணீரைக் கண்டு நிறைவடைவதில்லை. அவர்கள் நோக்குவது மடியை. உதைக்காமல் நின்றாளா, கன்று வாய் வைத்ததா, பால் இறங்கியதா என்பதையே பார்க்கின்றனர். கண்ணீர் திரைப்படக் கருவிக்கும் நமக்கும் கிடைத்த உபரி.

நம் ஊர்ப்புறங்களில், கன்று இறந்துபோன பசுவிடம் பால் கறக்க, கன்றின் தோலில் வைக்கோலை அடைத்துத் தோற்கன்று செய்து முன்னால் நிறுத்தும் வழக்கம் இருந்தது. அதுவும் ஓர் அறிவுதான். ஆனால் அது தாயை ஏமாற்றும் அறிவு. கோபியில் நாம் காண்பது தாயை இணங்க வைக்கும் முயற்சி. அவள் மறுக்கிறாள் என்பதை அவர்கள் ஏற்றுக்கொள்கின்றனர். அம்மறுப்புக்கு ஒரு காரணம் இருக்கும் என்பதையும் ஏற்றுக்கொள்கின்றனர். இரண்டு நாள் வேதனை அந்தக் காரணமாக இருக்கலாம்.

இந்த இடத்தில் மேய்ப்புப்பணியாளர் என்ற முறையில் நமக்குத் தோன்றிய ஒன்றைச் சொல்லாமல் மேற்செல்ல இயலவில்லை. மேடைகளிலும், அன்னையர் நாள் விழாக்களிலும், ஏன், பீடத்தின் முன்னும், தாய்மை என்பது ஊற்றுப்போல் தானே பெருகுவது என்று பேசுவது மரபாகிவிட்டது. பேறுகாலத்துக்குப்பின் குழந்தையை ஏறெடுத்தும் பார்க்க இயலாமல் சுவரை நோக்கித் திரும்பிப் படுத்துக்கொள்ளும் பெண்கள் நம் பங்குகளிலும் உண்டு. அது நோய் என்று மருத்துவர் அறிவர். வீட்டார் பலர் அறிவதில்லை. ‘பெற்றவளுக்கு மனம் கல்லாகிவிட்டது’ என்ற சொல்லைத் திண்ணையிலிருந்தே வீசுவர். இப்படத்தில் அந்தத் தாய் ஒட்டகத்தை எவரும் ஒரு சொல் ஏசவில்லை. அடிக்கவில்லை. நான்கு தலைமுறையினர் சேர்ந்து நின்று, தொலைவிலிருந்து ஆள் வரவழைத்து, அவளுக்குப் பாடுகின்றனர். கன்றுக்கு யாரும் பாடவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். பாட்டு முழுவதும் தாய்க்கு. விலங்கைப் பற்றிய ஒரு படத்திலிருந்து இவ்வளவு பெரிய முடிவுக்குச் செல்லலாமா என்று வாசகர் கேட்கலாம். படம் நம்மை அங்கே இட்டுச் செல்லவில்லை, நாமே சென்றோம் என்பதே நம் விடை.

இனி, படத்தின் உண்மைத்தன்மையைப் பற்றி. ‘ஆவணப்படம்’ என்ற பெயரில் இது பல இடங்களில் விருதுக்குச் சென்றது. ஆனால் முன்கூட்டியே எழுதிய கதைச் சட்டகம் ஒன்று இருந்ததையும், அன்றாடக் காட்சிகள் சிலவற்றைக் குடும்பத்தார் படக்கருவிக்காக மீண்டும் செய்து காட்டியதையும் இயக்குநர்கள் மறைக்கவில்லை. இவர்கள் பின்பற்றிய முன்னோடி ராபர்ட் ஃபிளஹர்ட்டி. 1922-இல் வெளிவந்த அவருடைய ‘வடதிசை நானூக்’ படத்தில், துப்பாக்கிக்குப் பழகிவிட்ட வடதுருவ வேட்டையாடிகளைப் பழைய ஈட்டியுடன் வேட்டையாட வைத்தார். இசைத்தட்டு என்றால் என்னவென்றே தெரியாதவர்போல் அதைக் கடித்துப் பார்க்கச் செய்தார். அது வேடிக்கைக்காகப் பிறரை அறியாதவராக்கிக் காட்டும் செயல் என்பதில் நமக்கு ஐயமில்லை. தவா, ஃபலோர்னி இருவரும் அக்குற்றத்துக்கு ஆளாகவில்லை என்றே மதிப்பிடுகிறோம். மீண்டும் செய்து காட்டப்பட்ட காட்சிகள் தேநீர் காய்ச்சுவதும் உரையாடுவதும் போன்றவை. பேறும் மறுப்பும் இசைவும் செய்துகாட்ட இயலாதவை. ஒட்டகத்துக்குத் திரைக்கதை கொடுக்க முடியாது.

எனினும் குறைகள் உண்டு. அவற்றையும் சொல்வது திறனாய்வாளனின் கடமை. கோபிக் குடும்பத்தின் வாழ்வில் ஓர் ஒலி வேண்டுமென்றே மெலிதாக்கப்பட்டிருக்கிறது. அஃது இயந்திரத்தின் ஒலி. மங்கோலிய மேய்ப்பரிடையே மோட்டார் வண்டி வந்து பல்லாண்டுகள் ஆகின்றன. ஒட்டகத்தின் இடத்தை மோட்டார் சைக்கிள் பிடித்துக்கொண்டதே இச்சடங்கு அருகி வருவதற்கான காரணங்களுள் ஒன்று. படத்திலோ சிறுவர் இருவரும் ஒட்டகமேறியே ஊருக்குச் செல்கின்றனர். அப்பயணம் அழகாகவே இருக்கிறது. அழகாக இருக்க வேண்டும் என்பதற்காகத்தான் அது அவ்வாறு எடுக்கப்பட்டதோ என்ற ஐயமும் கூடவே எழுகிறது.

இதனினும் பெரிய குறை ஒன்று. படம் எடுக்கப்பட்டதற்கு முந்தைய மூன்று குளிர்காலங்கள், அதாவது 1999 முதல் 2002 வரையிலானவை, மங்கோலிய மேய்ப்பருக்குப் பேரிழப்பின் காலம். கோடைக் காலத்து வறட்சியும் அதைத் தொடர்ந்து வரும் கடும் பனியும் சேர்ந்து புல்லை எட்டாதபடி செய்துவிடும் கேட்டினை அவர்கள் ‘ஜுத்’ என்பர். அம்மூன்று ஆண்டுகளில் கோடிக்கு மேற்பட்ட கால்நடைகள் மடிந்தன. மந்தையை இழந்தவர்கள் தலைநகரின் ஓரங்களில் கூடாரம் அடித்துக் குடியேறினர். 1950-களில் எட்டு இலட்சத்தைத் தாண்டியிருந்த ஒட்டகங்கள் 2002-இல் ஏறத்தாழ இரண்டரை இலட்சமாகக் குறைந்திருந்தன. பின்னர் அத்தொகை மீண்டும் உயர்ந்தது என்பது வேறு செய்தி. இவ்வளவு மரணத்தின் நடுவே ஒரு கன்றைப் பிழைக்க வைக்க ஒரு குடும்பம் ஏன் இத்தனை பாடுபடுகிறது என்பதற்கு, அன்பு என்ற ஒரே விடையைப் படம் கொடுக்கிறது. அன்பு உண்மை. பிழைப்பும் உண்மை. கன்று பால் குடித்தால்தான் தாய்க்குப் பால் சுரக்கும், தாய்க்குப் பால் சுரந்தால்தான் குடும்பத்துக்குத் தேநீரில் பால் உண்டு. அந்தப் பசியின் கணக்கை ஒரு வரியிலேனும் குறித்திருந்தால் அன்பின் பெருமை குறைந்திராது.

இடையில் லாமாக்கள் நடத்தும் ஒரு வழிபாட்டுக் காட்சி வருகிறது. மனிதர் மண்ணின் செல்வங்களை வரம்பின்றித் தோண்டிச் சூறையாடுவதைக் கண்டித்து, அகன்றுபோன காவல் தெய்வங்களை மீண்டும் அழைக்கும் வேண்டுதல் அது. பிற சமயத்தாரின் வழிபாட்டை வேடிக்கைப் பொருளாக்காமல் எடுத்த பண்பைப் பாராட்டுகிறோம். ஆனால் படம் நம்மிடம் நேரடியாக உரை நிகழ்த்தும் ஒரே இடமும் இதுதான். உரை நிகழ்த்துவது நமக்குத் தொழிலாதலால் அதன் ஓசை நமக்கு உடனே பிடிபட்டுவிடுகிறது. மற்ற இடங்களில் காற்றும் கயிறும் சொன்னதை இங்குச் சொற்கள் சுமக்க முயல்கின்றன. படம் சற்றே தள்ளாடுகிறது.

முடிவுப் பகுதியில் வரும் தொலைக்காட்சியைப் பற்றிப் பலர் எழுதியுள்ளனர். ஊருக்குச் சென்ற இளைய சிறுவன் உறவினர் வீட்டில் அதைக் கண்டு மயங்குகிறான். திரும்பி வந்தும் நச்சரிக்கிறான். இறுதியில் கூடாரத்தருகே வட்ட ஏற்பித் தட்டும் பெட்டியும் வந்து சேர்கின்றன. ‘ஐயோ, இனி இப்பண்பாடு அழிந்துவிடுமே’ என்று இரங்குவதற்காகவே இக்காட்சி வைக்கப்பட்டதாக மேலைநாட்டுத் திறனாய்வாளர் சிலர் கொள்கின்றனர். நமக்கு அவ்வாறு தோன்றவில்லை. அச்சிறுவனின் ஆசையைப் படம் கேலி செய்யவில்லை, கண்டிக்கவும் இல்லை. கூடாரத்தின் மரபொலிகளைப் பதிவுசெய்த அதே கவனத்தோடு ஊர்ப் பள்ளியில் பிள்ளைகள் நடனமும் இசையும் பயிலும் ஓசையையும் அது பதிவுசெய்கிறது. அந்த இசைவாணரே ஊரில் வாழ்பவர்தாம் என்பதை இரங்குவோர் மறந்துவிடுகின்றனர். ஒட்டகத்தை அழவைத்த கலை அன்றைக்குக் கூடாரத்தில் கிடைக்கவில்லை. அதனைத் தேடி ஊருக்கே ஆள் அனுப்ப வேண்டியிருந்தது. பழமை கூடாரத்திலும் புதுமை ஊரிலும் இருப்பதாகப் பிரித்துக் காண்போருக்குப் படத்தின் கதையே மறுப்பாக நிற்கிறது.

தவா பின்னர் எடுத்த படங்களும் இந்த வழியைத் தொடர்ந்தன. ‘மஞ்சள் நாயின் குகை’ (2005) ஒரு சிறுமியையும் அவள் கண்டெடுத்த நாயையும் பற்றியது. ‘செங்கிஸ்கானின் இரு குதிரைகள்’ (2009), சீனப் பண்பாட்டுப் புரட்சியின்போது உடைக்கப்பட்ட ஒரு குதிரைத்தலை யாழின் எஞ்சிய தண்டை எடுத்துக்கொண்டு, மறந்துபோன பாடல் வரிகளைத் தேடி மங்கோலியா முழுவதும் அலையும் ஒரு பாடகியின் பயணம். ‘உலகின் நரம்புகள்’ (2020) பொன் தோண்டும் நிறுவனங்கள் மேய்ச்சல் நிலத்தைக் கிழிப்பதைச் சொல்கிறது. லாமாக்களின் வேண்டுதலில் ஒலித்த கண்டனம் பதினேழு ஆண்டுகளுக்குப்பின் ஒரு முழுப் படமாக வந்திருக்கிறது எனலாம். இவற்றுள் நம் மனம் இன்னும் முதற்படத்திடமே நிற்கிறது. அதில் தேடல் இல்லை, வாதம் இல்லை, காத்திருத்தல் மட்டும் இருக்கிறது.

ஒட்டகத்தை இணங்க வைக்கும் இச்சடங்கு 2015-இல் உடனடிப் பாதுகாப்பு தேவைப்படும் மரபுகளின் பட்டியலில் யுனெஸ்கோவால் சேர்க்கப்பட்டது. பெற்றோரிடமிருந்தும் முதியோரிடமிருந்தும் கேட்டுக் கேட்டே கற்கப்படும் கலை அது. இளையோர் நகரங்களுக்குப் பெயர்வதால் கேட்போர் குறைந்துவிட்டனர்.

பங்கு மன்றங்களிலோ இளையோர் கூட்டங்களிலோ இப்படத்தைத் திரையிட விரும்பும் அன்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். உரையாடல் மங்கோலிய மொழியில் உள்ளது. அடியில் ஆங்கில எழுத்துகள் ஓடும். அவற்றைத் தமிழில் உரக்க மொழிபெயர்த்துச் சொல்ல யாரேனும் முன்வருவர். நல்ல எண்ணத்தோடுதான் வருவர். வேண்டாம். கதையைத் தொடங்குமுன் ஐந்து மணித்துளிகளில் சொல்லி முடித்துவிடுங்கள். பேசுவது மிகக் குறைவான மக்கள் அவர்கள், சொற்களுக்காக எவரும் தவிக்கப்போவதில்லை. மண்டபத்தின் மின்விசிறிகளைச் சற்று நேரம் நிறுத்திவைக்க முடியுமானால் இன்னும் நல்லது. திமிலில் தொங்கும் அந்தக் கருவியைக் காற்று தொடும் ஓசை அத்துணை மெல்லியது.